கோர்ட் உத்தரவை அதிகாரி கண்டுகொள்ளவே இல்லை. அவமதிப்பு வழக்குப் போட்டால் ஜெயிலில் போடுவார்களா?

போடலாம். ஆனால் அந்த நினைப்போடு கோர்ட்டுக்குப் போகாதீர்கள். 1971-ம் ஆண்டுச் சட்டப்படி அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம். (அந்த இரண்டாயிரம் இன்னும் ஏறவில்லை!) பெரும்பாலான வழக்குகள் அதுவரை போவதே இல்லை.

என் அப்பா ஓய்வுபெற்ற அரசு ஊழியர். பென்ஷன் கணக்கில் சில வருட சர்வீஸை விட்டுவிட்டார்கள். ஹைகோர்ட்டில் ரிட் (அரசு அலுவலகத்துக்கு உத்தரவு போடச் சொல்லிக் கேட்கும் மனு) போட்டோம். உத்தரவு நகல் கிடைத்த 12 வாரத்துக்குள் மனுவைப் பரிசீலித்துத் தகுந்த முடிவெடுக்க வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. ஜெயித்துவிட்டோம் என்று அம்மா கேசரி கிண்டிப் பக்கத்து வீட்டுக்கெல்லாம் கொடுத்தார்.

12 வாரம் 30 வாரமானது. அவமதிப்பு மனு போட்டோம். வாய்தாவுக்கு முந்தின நாள் ராத்திரி எட்டு மணிக்கு அலுவலக உதவியாளர் ஒருவர் வீடு தேடி வந்து ஒரு கவரைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிப் போனார். அதுவரை ஒரு தபால்கூடப் போடாத ஆபீஸ்! அப்பா வாசல் விளக்கடியில் நின்று கடைசி வரியை இரண்டு தடவை படித்தார். கோரிக்கை ஏற்பதற்கில்லையாம்.

மறுநாள் அரசு வக்கீல் அந்தத் தாளை நீட்டினார். ஐந்தே நிமிடத்தில் எங்கள் வழக்கை முடித்துவைத்தார்கள். பரிசீலிக்கச் சொன்னது கோர்ட், அதிகாரியும் பரிசீலித்துவிட்டார், அவ்வளவுதான். அவர் எடுத்த முடிவு தப்பென்றால் அதற்குத் தனி வழக்குத்தான் போட வேண்டும். உச்ச நீதிமன்றம் 1996-லேயே பரிஹார் வழக்கில் இதைச் சொல்லிவிட்டது. மறுபடி ரிட் போட்டு, இந்தத் தடவை 'வழங்க வேண்டும்' என்ற வார்த்தையை வாங்குவதற்குள் எங்கள் வக்கீல் படாத பாடு பட்டார்.

அதனால் முதலில் உங்கள் உத்தரவின் கடைசிப் பத்தியைப் படியுங்கள். 'பரிசீலி' என்று இருக்கிறதா, 'கொடு' என்று இருக்கிறதா? 'கொடு' என்றால்தான் அவமதிப்பு வழக்குக்குப் பல் உண்டு. நோட்டீஸ் போனதும் அவசர அவசரமாக அப்பீல் போடுவார்கள். பயப்படாதீர்கள், அப்பீல் போட்டதாலேயே தடை வந்துவிடாது, ஸ்டே தனியாக வாங்க வேண்டும்.

அதிகாரி கூண்டில் நிற்பதைப் பார்க்க ஆசையென்றால் அதுவும் கஷ்டம். எடுத்ததற்கெல்லாம் அதிகாரிகளை நேரில் கூப்பிடக் கூடாது, அழைத்தாலும் முதலில் வீடியோவில் ஆஜராக வாய்ப்புக் கொடுங்கள் என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் நெறிமுறை போட்டுவிட்டது. ஆனால் கோர்ட் தடையை மீறிக் குண்டூரில் குடிசைகளை இடித்த ஒரு துணை கலெக்டரை, அதே உச்ச நீதிமன்றம் 2025 மே மாதம் தாசில்தாராகப் பதவி இறக்கி, அந்த இரண்டாயிரத்தையும் தாண்டி ஒரு லட்சம் அபராதமும் போட்டது. தாமதத்துக்கு 'வேலைப்பளு, மன்னிக்கவும்' என்று சொல்லித் தப்பலாம், இடித்துத் தள்ளியதற்கு என்ன சொல்வது?

அப்புறம், உத்தரவு நகலை ஒப்புகையோடு அனுப்பி அந்த ரசீதைப் பத்திரமாக வையுங்கள். எங்களுக்குப் போல் நகல் கிடைத்த நாளிலிருந்து கெடு என்றிருந்தால், நாள் எண்ணுவதே அதை வைத்துத்தான். கெடு முடிந்து ஒரு வருடத்துக்குள் மனு போட்டுவிட வேண்டும்.