பீடி சுற்றும் பெண்களுக்கு: கேள்வி பதில்

கேள்வி: கடையில் ஆயிரம் பீடிக்கென்று தரும் இலை ஒருநாளும் காணுவதில்லை. மீதியை நானே காசு கொடுத்து வாங்குகிறேன். என்ன செய்வது? (ஆலங்குளம் வாசகி)

பதில்: குறை உங்கள் கையில் இல்லை, இலையில் இருக்கிறது. மத்தியப் பிரதேசம், சத்தீஸ்கர், ஒடிசா காடுகளிலிருந்து வரும் இலைக் கட்டுகளில் ஓட்டையும் கிழிசலும் சேர்ந்துதான் எடையாகின்றன. ஈரமும் எடைதான். அளவுத் தகரத்தை வைத்து வெட்டும்போது பாதி இலை கழிந்துவிட்டால் அந்த நஷ்டம் உங்கள் தலையில் விழுகிறது. ஆகவே நனைக்கும் முன் எடை போடுங்கள். தேறாத இலையைக் கொட்டிவிடாமல் கட்டி வைத்து மறுநாள் கடையில் காட்டி, கடைக் கணக்கு எழுதும் உங்கள் பாஸ் புத்தகத்தில் எழுதச் சொல்லுங்கள். புகையிலைத் தூளும் அப்படித்தான். பீடிக்கு ஏறக்குறைய 0.2 கிராம் என்றால் ஆயிரத்துக்கு 200 கிராம் வேண்டும். குறைத்துத் தந்தால் பீடி மெலியும். மெலிந்ததென்று அவர்களே கழிப்பார்கள். கழித்ததற்குக் கூலி இல்லையென்றால், அதை உங்கள் கண்முன்னே ஒடித்துப் போடச் சொல்லுங்கள். கூலி தராமல் எடுத்து விற்பது அநியாயம். தீராவிட்டால் தொழிலாளர் துறை அலுவலகத்தில் புத்தகத்தோடு எழுதிக் கொடுங்கள்.

கேள்வி: அம்மா பேரிலுள்ள புத்தகத்தில் 12 வருடமாக நான்தான் சுற்றுகிறேன். பி.எஃப். எனக்கு வருமா? (முக்கூடல் வாசகி)

பதில்: வராது. எல்லாம் அம்மா கணக்கில்தான் சேரும். நெல்லை, தென்காசிப் பக்கம் எத்தனையோ பெண்களின் உழைப்பு இப்படித்தான் கணக்கில் ஏறாமலே போகிறது. வீட்டிலிருந்து சுற்றுபவருக்கும் பி.எஃப். உண்டென்று உச்ச நீதிமன்றம் 1985-லேயே சொல்லிவிட்டது. உங்கள் பேரில் புத்தகமும் யு.ஏ.என். என்ற பி.எஃப். அடையாள எண்ணும் இன்றே கேளுங்கள். ஓய்வூதியத்துக்கு 10 ஆண்டு பணிக்காலம் வேண்டும். கடை மாறும்போது ஓய்வூதியப் பங்கையும் சேர்த்து எடுத்துவிட்டால் அதுவரை சேர்ந்த ஆண்டுகள் போய்விடும். எடுக்காமல் புதுக் கணக்குக்கு மாற்றுங்கள். புத்தகத்தில் ‘மாரியம்மாள்’, ஆதாரில் ‘மாரியம்மா’ என்றிருந்தால்கூட விண்ணப்பம் நின்றுவிடும். கடை நடக்கும்போதே முதலாளி கையெழுத்தோடு திருத்திவிடுங்கள். மூடிய பிறகு கையெழுத்துக்கு யாரைத் தேடுவீர்கள்?

கேள்வி: கைக்குழந்தையை மடியில் வைத்துச் சுற்றலாமா? (கடையநல்லூர் வாசகி)

பதில்: கூடவே கூடாது. புகைக்காதவர் உடம்பிலும் தோல் வழியாக, மூச்சு வழியாக நிக்கோட்டின் ஏறுகிறது. தூள் இருக்கும் சுளவை (முறத்தை) அடுப்படியில் வைக்காதீர்கள். கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, சேலையை மாற்றிய பிறகு பால் கொடுங்கள்.