கல்யாணப் பரிசுக்கு ஒரு பட்டியல்

கேள்வி: என் இளைய மகளுக்குத் தை மாதத்தில் திருமணம். மணமக்கள் சென்னையில் வாடகை வீட்டில் குடியேறப் போகிறார்கள். "என்ன வாங்கித் தரட்டும்?" என்று உறவினர்கள் இப்போதே கேட்கிறார்கள். மூத்தவள் திருமணத்தில் ஏழு சுவர்க் கடிகாரங்கள் வந்தன. ஐந்து இன்னும் பரணில் கிடக்கின்றன. பட்டியல் எழுதிக் கொடுத்தால் கேட்டு வாங்குவதுபோல் ஆகிவிடாதா? எவற்றைச் சேர்க்கலாம்?
– ஒரு வாசகி, மதுரை

பதில்: கேட்டவர்களுக்கு மட்டும் சொன்னால் கேட்டு வாங்குவதுபோல் ஆகாது, அழைப்பிதழோடு சேர்த்து நீட்டினால்தான் முகம் சுளிப்பார்கள். பட்டியலை நீங்களே வைத்துக்கொள்ளாமல், எல்லோரிடமும் உரிமையோடு பேசக்கூடிய ஓர் அத்தையிடமோ சித்தியிடமோ ஒப்படைத்து, ஒரு பொருளுக்கு ஆள் கிடைத்ததும் அதை அடித்துவிடச் சொல்லுங்கள். ஆனால் அந்தப் பட்டியல் மாப்பிள்ளை வீட்டிலிருந்து எழுதப்பட்டு வந்ததென்றால் அதற்குப் பெயர் பரிசு அன்று, வரதட்சணை. தாமாக வந்த பரிசுகளையும் கொடுத்தவர் பெயர், உறவு, உத்தேச மதிப்பு ஆகியவற்றோடு எழுதி வைத்து மணமக்கள் கையெழுத்திட வேண்டும் என்று வரதட்சணைத் தடுப்புச் சட்டத்தின் 1985ஆம் ஆண்டு விதிகள் சொல்கின்றன. மொய் நோட்டு எழுதும் வீட்டில் இது பெரிய வேலையில்லை.

பொருள்களைத் தீர்மானிக்குமுன் மணமக்கள் எந்த அடுப்பில் சமைக்கப் போகிறார்கள் என்று கேளுங்கள். இன்டக்‌ஷன் அடுப்பென்றால் சாதாரண அலுமினியப் பாத்திரங்கள் அதில் சூடாகா. காந்தம் ஒட்டும் அடிப்பாகம் உள்ளவையே வேண்டும். இருவருக்கு 3 லிட்டர் குக்கர் போதும், நீங்கள் போய்த் தங்கும் நாள்களுக்கு ஒரு 5 லிட்டர், இரண்டிலும் ஐ.எஸ்.ஐ. முத்திரை இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். புவிசார் குறியீடு பெற்ற கோவை கிரைண்டர் நல்ல பரிசுதான் என்றாலும், கடையில் மாவு வாங்கிக்கொள்ளும் பிள்ளைகளுக்கு அது வீடு மாறும்போதெல்லாம் தூக்க வேண்டிய கல்தான்.

என்னைக் கேட்டால், யாரும் நினைக்காத மின்விசிறியை முதலில் எழுதுவேன். பழைய வகை விசிறி சுமார் 75 வாட் இழுக்கும் இடத்தில் பி.எல்.டி.சி. எனப்படும் பிரஷ் இல்லாத மோட்டார் கொண்ட விசிறி 30 வாட் அளவில் ஓடும். சென்னையில் இரவு முழுவதும் அது சுற்றத்தான் வேண்டும். வாடகை வீட்டைக் காலி செய்யும்போது கழற்றிக்கொண்டும் போகலாம்.

அஞ்சறைப் பெட்டி, தேங்காய்த் துருவி, இடுக்கி போன்ற சிறியவற்றையும் தாராளமாகச் சேருங்கள். புதிதாக வேலைக்குப் போகும் தம்பி, தங்கை முறையினர் சங்கடமின்றி எடுத்துக்கொள்வார்கள். தோசைக்கல் மட்டும் வேண்டாம், உங்கள் வீட்டில் பழகிய கல்லையே கொடுத்தனுப்புங்கள். இன்னொன்று: எவர்சில்வர் பாத்திரம் வாங்குகிறவர்களிடம் பெயர் வெட்ட வேண்டாம் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். பெயர் வெட்டிய பாத்திரத்தை எந்தக் கடைக்காரரும் மாற்றித் தரமாட்டார்.

கேள்வி: அண்ணன் மகள் திருமணத்துக்கு ஈயச் சொம்பு வாங்கித் தர ஆசை. இந்தக் காலப் பெண்ணுக்கு அது பயன்படுமா?
– ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: அவள் ரசம் வைப்பவளாகவும் கேஸ் அடுப்பு உள்ளவளாகவும் இருந்தால் பயன்படும், இன்டக்‌ஷனில் அது சூடேறாது. வாங்கும்போது வெள்ளீயம்தானா என்று நம்பிக்கையான கடையில் உறுதி செய்துகொள்ளுங்கள், காரீயம் கலந்திருந்தால் அது நஞ்சு. வெள்ளீயம் 232 டிகிரி செல்சியஸிலேயே உருகிவிடும். உள்ளே நீர் இருக்கும்வரை சூடு 100 டிகிரியை ஒட்டியே நிற்பதால்தான் சொம்பு பிழைக்கிறது. ஆகவே புளித்தண்ணீரை ஊற்றிய பிறகே அடுப்பில் ஏற்ற வேண்டும், தாளிப்பைத் தனிக் கரண்டியில் செய்துதான் கொட்ட வேண்டும் என்று பெண்ணிடம் மட்டுமல்லாமல் மாப்பிள்ளையிடமும் சொல்லிக் கொடுங்கள்.