வீட்டோடு மாப்பிள்ளை வெர்மீர்: கேள்வி பதில்

டச்சு ஓவியர் யொஹான்னஸ் வெர்மீரின் படங்களைப் பற்றிப் பேச நிறையப் பேர் இருக்கிறார்கள். எனக்குப் பல வருடமாகப் பிடித்துப்போனது அவரைச் சுற்றி இருந்த மனிதர்கள். மாமியார், வேலைக்காரப் பெண், ரொட்டிக்கடைக்காரர், கடன் கொடுத்த தம்பதி என்று ஒரு ஊரே பழைய பத்திரங்களிலும் தேவாலயப் பதிவேடுகளிலும் உட்கார்ந்திருக்கிறது. 'அந்த வீட்டைப் பற்றிக் கேளுங்கள்' என்று சொல்லியிருந்தேன். வந்த கேள்விகளும் என் பதில்களும் இதோ.

கல்லூரி மாணவி, திருச்சி: படங்களில் பட்டும் முத்துமாக இருக்கிறதே, வெர்மீர் பணக்கார வீட்டுப் பிள்ளையா அக்கா?

இல்லைம்மா. அப்பா ரெய்னியர் பட்டுத்துணி நெசவாளி. அப்புறம் டெல்ஃப்ட் ஊரில் விடுதி நடத்தினார், கூடவே படங்களும் வாங்கி விற்றார். 1631-இல் ஓவியர்களின் சங்கமான புனித லூக்கா சங்கத்தில் வியாபாரியாகச் சேர்ந்தார். அடுத்த வருடம் மகன் பிறந்தான். 1632 அக்டோபர் 31 அன்று புதிய தேவாலயத்தில் ஞானஸ்நானம். 1641-இல் மார்க்கெட் சதுக்கத்திலேயே 'மெக்கலன்' என்ற பெரிய விடுதியைக் கடனில் வாங்கினார்கள். பீர் குடிக்க வருபவர்கள், படம் பார்க்க வருபவர்கள், பேரம் பேசுபவர்கள் என்று எப்போதும் இரைச்சலாக இருந்திருக்கும் இடம். பையன் வளர்ந்தது அங்கேதான். அம்மா டிக்னாவின் அப்பா ஒரு கள்ளநாணய வழக்கில் மாட்டியவர். அந்த வழக்கின் முக்கியப் புள்ளிகள் இருவருக்கு 1620-இல் தலையே போனது. தாத்தா தப்பித்துக்கொண்டார்.

வெர்மீர் 1653 டிசம்பரில் சங்கத்தில் சேர்ந்தபோது கட்டணம் 6 குல்டன் (அந்தக் கால டச்சு நாணயம்). கையிலிருந்து கொடுத்தது ஒன்றரை குல்டன். மீதியைக் கட்டி முடிக்க 1656 ஆகிவிட்டது.

வங்கி ஊழியர், மதுரை: மாமியார் வீட்டில்தான் இருந்தார் என்கிறீர்கள். அந்தக் காலத்து ஹாலந்தில் அது சாதாரணமா?

நம் ஊர் பாஷையில் சொன்னால் அவர் வீட்டோடு மாப்பிள்ளைதான். டச்சுக்காரர்கள் கல்யாணமானதும் தனிக்குடித்தனம் போகிறவர்கள், அதனால் இது அங்கே கொஞ்சம் அபூர்வம். ஆனால் மாமியார் மரியா தின்ஸ் சாதாரண ஆள் இல்லை. கௌடா ஊரின் வசதியான கத்தோலிக்கக் குடும்பத்துப் பெண். செங்கல் சூளை வைத்திருந்த கணவர் அடித்துத் துன்புறுத்தியதால் 1641-இல் சட்டப்படி பிரிந்து, டெல்ஃப்ட்டுக்கு வந்து தன் காலில் நின்றவர்.

மகள் கதரீனாவை வெர்மீர் கட்டிக்கொள்ள விரும்பியபோது நடந்தது அழகான காட்சி. 1653 ஏப்ரல் 4, சாயங்காலம். லியோனார்ட் பிராமர் என்ற மூத்த ஓவியரும் ஒரு ராணுவ கேப்டனும் வக்கீலோடு மரியா வீட்டுக்குப் போகிறார்கள். கல்யாணத்துக்குச் சம்மதக் கையெழுத்துக் கேட்கிறார்கள். அவர் சொன்ன பதில் பத்திரத்தில் இருக்கிறது: கையெழுத்துப் போட மாட்டேன், ஆனால் தடுக்கவும் மாட்டேன். பையன் சீர்திருத்த சபைக்காரன் (புராட்டஸ்டன்ட்), விடுதிக்காரன் மகன், கையில் காசில்லை. அம்மாவுக்கு மனசு வரவில்லை. ஆனாலும் மகள் வழியை மறிக்கவில்லை. கணவனால் பட்டவர் என்பதை நினைத்துப் பார்த்தால் இரண்டு பாதியுமே புரிகிறது.

ஏப்ரல் 20 அன்று பக்கத்துக் கிராமமான ஸ்கிப்லாய்டனில் கல்யாணம் நடந்தது. 1660 வாக்கில் குடும்பமே மாமியார் வீட்டுக்குக் குடிவந்துவிட்டது. 1667-இல் தனக்கு வரவேண்டிய பாக்கிகளை வசூலிக்கும் அதிகாரத்தை மரியா இந்த மாப்பிள்ளைக்கே எழுதிக்கொடுத்தார். பதினான்கு வருடத்தில் நம்பிக்கை அந்த அளவுக்கு வளர்ந்திருக்கிறது. மூத்த பேத்திக்கு மரியா என்றே பெயர் வைத்தார்கள்.

ஆசிரியர், நாகர்கோவில்: கத்தோலிக்கர்களுக்கு அங்கே தடை இருந்ததே, இவர்கள் எப்படி வாழ்ந்தார்கள்?

வெளிப்படையாகக் கோயில் கட்டி வழிபடக்கூடாது, அரசுப் பதவி கிடையாது. ஆனால் வீட்டுக்குள் கண்டும் காணாமல் விட்டார்கள். மரியாவின் வீடு இருந்த அவுட லாங்கன்டைக் பகுதிக்குப் 'பாப்பன்ஹூக்' என்று ஒரு பட்டப்பெயர், அதாவது போப்பாண்டவர் ஆட்களின் மூலை. இயேசு சபைப் பாதிரிமார் நடத்திய மறைவான தேவாலயம் பக்கத்திலேயே இருந்தது. வெளியிலிருந்து பார்த்தால் வீடு, உள்ளே பீடம். வெர்மீர் கல்யாணத்தையொட்டிக் கத்தோலிக்கராக மாறியதாகவே பெரும்பாலான ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். ஒரு மகனுக்கு இக்னேஷியஸ் என்று, இயேசு சபையை நிறுவிய புனிதரின் பெயரையே வைத்தார்கள்.

மார்க்கெட் சதுக்கத்தின் வடக்கே அம்மாவின் விடுதி, தெற்கே வாய்க்காலைத் தாண்டினால் மாமியார் வீடு. நடந்தால் இரண்டு நிமிஷம். பிறந்த உலகத்துக்கும் புகுந்த உலகத்துக்கும் நடுவில் இருந்தது அவ்வளவுதான்.

குடும்பத் தலைவி, ஈரோடு: 'பால் ஊற்றும் பெண்' படத்தில் இருப்பது அந்த வீட்டு வேலைக்காரியா?

அப்படி நினைக்க ஆசையாகத்தான் இருக்கிறது, ஆனால் படத்திலிருக்கும் பெண்ணின் பெயர் எந்த ஆவணத்திலும் இல்லை. அந்த வீட்டில் வேலை செய்த ஒரு பெண்ணின் பெயர் மட்டும் கிடைத்திருக்கிறது: டன்னெக்கே எவர்பூல். அவள் எப்படித் தெரியவந்தாள் என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் எனக்கு இந்த வீட்டிலேயே மிகவும் பிடித்தவள் அவள்.

கதரீனாவுக்கு வில்லெம் என்று ஒரு அண்ணன். அப்பாவைப் போலவே முரடன், வேலைவெட்டி இல்லை. 1663-இல் அவன் இந்த வீட்டுக்கு வந்து செய்த அட்டகாசத்தை டன்னெக்கேயும் இன்னும் சிலரும் 1666-இல் நோட்டரி முன்னால் சாட்சியாகச் சொன்னார்கள். பெற்ற தாயைச் சொல்லக்கூசும் வார்த்தைகளால் திட்டுவான். பயத்தில் மரியா தன் அறையை விட்டு வெளியே வராமல் சாப்பாட்டை உள்ளேயே வாங்கிக்கொள்வார். நிறைமாதக் கர்ப்பிணியான தங்கையை அவன் கம்பால் அடித்திருக்கிறான், நுனியில் இரும்பு முள் வைத்த கம்பு. பல தடவை குறுக்கே போய் அவனைத் தடுத்தவள் டன்னெக்கே. கடைசியில் மரியா அவனை ஒரு தனியார் திருத்த இல்லத்தில் அடைத்துவைத்தார்.

1660-களின் நடுப்பகுதி என்பது முத்துமாலை அணியும் பெண், கடிதம் எழுதும் பெண் எல்லாம் வரையப்பட்ட காலம். ஜன்னல் வெளிச்சம், ஒரு மேஜை, சத்தமே இல்லாத அறை. அந்த அமைதியை அந்த வீடு சும்மா கொடுத்துவிடவில்லை. மாமியாரின் பணமும் கதவருகே நின்ற வேலைக்காரியின் தைரியமும் அதில் சேர்ந்திருக்கின்றன. ஓவியத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் டன்னெக்கே பெயரையும் ஒரு வரி சேர்த்து எழுத வேண்டும் என்பது என் ஆசை.

இரு குழந்தைகளின் தந்தை, சென்னை: பதினோரு பிள்ளைகள் என்று படித்தேன். ஒருவரும் படத்தில் இல்லையே?

பிறந்தது 15 என்று கணக்கிடுகிறார்கள். நான்கு பேர் சின்ன வயதிலேயே போய்விட்டார்கள். தகப்பனார் இறந்தபோது 11 பேர் உயிரோடு இருந்தார்கள், அதில் 10 பேர் வயதுக்கு வராதவர்கள். வீட்டுச் சாமான் பட்டியலில் தொட்டிலும் பிள்ளைகளின் கட்டிலும் வருகின்றன. ஆனால் படத்தில் குழந்தைகள் என்றால் 'சின்னத் தெரு' ஓவியத்தில் வாசல் திண்ணையோரம் குனிந்து விளையாடும் இருவர்தான், முகமும் தெரியாது. அந்தத் தெரு ஃப்ளாமிங்ஸ்ட்ராட் என்றும், வலதுபக்க வீடு வெர்மீரின் அத்தையுடையது என்றும் ஒரு டச்சுப் பேராசிரியர் 2015-இல் பழைய வரிப் பதிவுகளை வைத்துச் சொன்னார். அத்தை மாட்டுக்குடல் விற்றுப் பிழைத்தவர். எனக்கு அந்த வாதம் நம்பும்படியாகவே இருக்கிறது.

ஓவியக் கல்லூரி மாணவர், கும்பகோணம்: முத்துக்காதணிப் பெண் யார்?

குறிப்பிட்ட ஆளின் உருவப்படம் இல்லை. 'ட்ரோனி' என்று டச்சில் ஒரு வகை உண்டு. ஒரு முகபாவம், ஒரு விசித்திரமான தலைப்பாகை, அவ்வளவே விஷயம். அவள் அந்த வீட்டு வேலைக்காரி என்ற கதை பின்னாளில் வந்த நாவலும் சினிமாவும் தந்தது.

நகைக்கடை ஊழியர், கோவை: சரி, இந்தப் படங்களை யார்தான் வாங்கினார்கள்?

ஒரு தம்பதியின் பெயரை மறக்கக்கூடாது: பீட்டர் ஃபன் ரைவன், அவர் மனைவி மரியா ட கினைட். 1657-இல் வெர்மீருக்கு 200 குல்டன் கடன் கொடுத்தார்கள். திறமையான ஒரு கைத்தொழிலாளி வருடம் முழுக்க உழைத்தால் கிட்டத்தட்ட 250 முதல் 300 குல்டன் என்று வைத்துக்கொள்ளுங்கள். 1665-இல் மரியா ட கினைட் தன் உயிலில் வெர்மீருக்கு 500 குல்டன் எழுதிவைத்தார். வெர்மீர் தனக்கு முன்னாலேயே இறந்துவிட்டால் அந்தப் பணம் குடும்பத்துக்குப் போகாது என்றும் எழுதினார். ஓவியர் என்பதற்காகக் கொடுத்த பணம் என்று இதிலிருந்தே தெரிகிறது. நெடுநாள் கணவரைத்தான் புரவலர் என்று எழுதினார்கள். இப்போது ஆய்வாளர்கள் மனைவியை முன்னால் வைக்கிறார்கள். எனக்கும் அதுவே சரியாகப் படுகிறது. அந்தச் சொத்து மகள் வழியாக மருமகன் யாகோப் டிஸ்ஸியஸுக்குப் போய், 1696-இல் ஆம்ஸ்டர்டாமில் ஏலத்துக்கு வந்தபோது 21 வெர்மீர் படங்கள் இருந்தன. 'டெல்ஃப்ட் காட்சி' 200 குல்டனுக்கும் 'பால் ஊற்றும் பெண்' 175 குல்டனுக்கும் போயின.

இன்னொருவர் ரொட்டிக்கடைக்காரர் ஹென்ட்ரிக் ஃபன் பாய்டன். 1663 ஆகஸ்டில் மோன்கோனி என்ற பிரெஞ்சுப் பிரமுகர் வெர்மீரைத் தேடி வந்தார். காட்டுவதற்கு ஓவியர் வீட்டில் ஒரு படமும் இல்லை. ரொட்டிக்கடைக்காரர் ஒருவரிடம் போய்த்தான் பார்த்தார், அது ஃபன் பாய்டன்தான் என்று கருதுகிறார்கள். அதில் ஒரே ஒரு உருவம், 600 லிவர் (பிரெஞ்சு நாணயம்) கொடுத்ததாகச் சொன்னார்களாம். 'ஆறு பிஸ்டோல் (சுமார் 60 லிவர்) கொடுத்தாலே அதிகம்' என்ற பொருளில் டைரியில் எழுதிவிட்டுப் போனார். அந்தப் பிரெஞ்சுக்காரரைவிட டெல்ஃப்ட் ரொட்டிக்கடைக்காரருக்கு நல்ல கண் இருந்திருக்கிறது!

அறிவியல் ஆசிரியை, வேலூர்: நுண்ணோக்கியால் புகழ்பெற்ற லேவன்ஹூக் இவருடைய நண்பரா?

இருவரும் ஒரே ஊர், 1632-இல் நான்கைந்து நாள் இடைவெளியில் அதே தேவாலயத்தில் ஞானஸ்நானம். ஆனால் வெர்மீர் உயிரோடு இருந்த காலத்தில் இருவரையும் சேர்த்துச் சொல்லும் ஆவணம் ஒன்றும் இல்லை. லேவன்ஹூக் நகராட்சியில் வேலை பார்த்தவர். வெர்மீர் இறந்தபின் 1676 செப்டம்பரில் திவாலான சொத்தைக் கவனிக்கும் பொறுப்பை நகரசபை அவரிடம் ஒப்படைத்தது. விதவையோடு அவர் மோத வேண்டியும் வந்தது. 'ஓவியக் கலை' என்ற படத்தை எப்படியாவது வீட்டுக்குள் வைத்துக்கொள்ளக் கதரீனா அதைக் கடனுக்கு ஈடாகத் தன் தாய்க்கு எழுதிவைத்தார். கடன்காரர்கள் சார்பில் லேவன்ஹூக் அது செல்லாது என்றார்.

நெடுந்தீவைச் சேர்ந்த வாசகர், இப்போது டொரொன்டோ: அக்கா, எங்கட தீவுக்கும் டெல்ஃப்ட் என்றுதான் பெயர். ஏதும் தொடர்பு உண்டா?

உண்டு. யாழ்ப்பாணத்தை 1658-இல் பிடித்த ஒல்லாந்தர் சுற்றியிருந்த தீவுகளுக்குத் தங்கள் ஊர்ப் பெயர்களை வைத்தபோது நெடுந்தீவுக்கு விழுந்தது இந்த டெல்ஃப்ட். டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆறு கிளைகளில் ஒன்று வெர்மீரின் ஊரில் இருந்தது. இன்னொன்றும் கேளுங்கள். யாழ்ப்பாணத்தில் பாதிரியாராக இருந்து, தமிழ் எழுத்துகளையும் சேர்த்து இலங்கை, சோழமண்டலம், மலபார் பற்றி 1672-இல் பெரிய நூல் வெளியிட்ட பிலிப்பஸ் பால்டேயஸ் பிறந்ததும் டெல்ஃப்ட்டில், அதே 1632-இல். ஒருவர் வண்ணத்தைக் குழைத்துக்கொண்டு அந்த ஊரை விட்டு அதிகம் நகராமல் இருந்தார், இன்னொருவர் கப்பலேறி வந்து நம் எழுத்தைக் கற்றார்.

ஓய்வுபெற்ற தபால் ஊழியர், தஞ்சாவூர்: கடைசியில் என்ன ஆனது அவர் குடும்பம்?

1672-இல் பிரான்ஸ் படையெடுத்தது. எதிரியைத் தடுக்க டச்சுக்காரர்களே அணைகளைத் திறந்து வயல்களில் தண்ணீர் விட்டார்கள். மரியா தின்ஸின் நிலமும் முழுகியது, குத்தகை நின்றது. படம் வாங்க ஆளில்லை. வெர்மீர் வியாபாரத்துக்காக வாங்கி வைத்த பிறருடைய படங்களும் தேங்கின. 1675 ஜூலையில் ஆம்ஸ்டர்டாமில் 1000 குல்டன் கடன் வாங்கினார். டிசம்பரில் இறந்தார், வயது 43. ஒன்றரை நாளில் நன்றாக இருந்தவர் போய்விட்டார் என்று கதரீனா பின்னால் மனுவில் சொன்னார். பிள்ளைகளின் பாரமும் கையில் காசில்லாததும் அவரை உள்ளுக்குள் அரித்துவிட்டன என்றும் சொன்னார்.

ஊரில் ஒரு வழக்கம் இருந்தது. இறந்தவர் வீட்டுக்குத் தர்ம சபை ஒரு பெட்டி அனுப்பும், அவருடைய நல்ல மேலாடையையோ அதற்கு ஈடான பணத்தையோ ஏழைகளுக்காகப் போட்டு அனுப்ப வேண்டும். வெர்மீர் பெயருக்கு எதிரே எழுத்தர் எழுதியது, எடுக்க ஒன்றுமில்லை என்பது.

அடுத்த மாதம் கதரீனா ரொட்டிக்கடை பாக்கிக்காக இரண்டு படங்களை ஃபன் பாய்டனுக்குக் கொடுத்தார். பாக்கி 617 குல்டன் 6 ஸ்டைவர் (சில்லறைக் காசு). இரண்டு வருடக் கூலிக்கு மேல், எல்லாம் ரொட்டி. வருடம் 50 குல்டன் வீதம் அடைத்தால் படங்களைத் திருப்பித் தருவதாகக் கடைக்காரர் எழுதிக்கொடுத்தார். கடைக்காரரைக் கல்நெஞ்சர் என்று சிலர் எழுதுகிறார்கள், நான் ஒப்பமாட்டேன். அத்தனை பிள்ளைகளுக்கு அத்தனை காலம் கடனாக ரொட்டி போட்டவர் அவர்.

மரியா தின்ஸ் 1680-இலும் கதரீனா 1687-இலும் இறந்தார்கள்.

தையற்கலைஞர், திருப்பூர்: பல படங்களில் ஒரே மஞ்சள் ஜாக்கெட் வருகிறதே, வெள்ளை ரோமம் வைத்தது. நிஜமாகவே இருந்ததா?

இருந்தது. 1676 பிப்ரவரியில் எடுத்த வீட்டுச் சாமான் பட்டியலில், சட்டி பானை, மெத்தை, பழைய துணிகள் நடுவே 'வெள்ளை ரோம ஓரம் வைத்த மஞ்சள் சாட்டின் மேலங்கி' என்று ஒரு வரி வருகிறது. முத்துமாலைப் பெண்ணும் எழுதும் பெண்ணும் கிட்டார் வாசிக்கும் பெண்ணும் போட்டிருப்பது அதே மாதிரிதான். தையல்காரர் கண்ணோடு பாருங்கள், ஒவ்வொரு படத்திலும் முழங்கை மடிப்பில் சாட்டின் வேறு விதமாகக் கசங்கியிருக்கும்.