நீங்கள் ஆடும் கேம் யாருக்குத் தெரிய வேண்டும்? டிஸ்கார்ட், ஸ்டீம் பற்றிய கேள்வி பதில்

நாம் ஆடும் கேமின் பெயர் அரட்டைச் செயலிகளில் பிறர் கண்ணில் படுவதைப் பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதுகிறேன். குழுவாகப் பேசிக்கொள்ள உதவும் அரட்டைச் செயலியான டிஸ்கார்டையும், கணினிக் கேம்களை வாங்கி ஆடும் தளமான ஸ்டீமையும் பற்றியே பெரும்பாலோர் கேட்டிருப்பதால் அவற்றை விரிவாகச் சொல்லியிருக்கிறேன். அமைப்புகளின் பெயர்கள் பதிப்புக்குப் பதிப்பு சற்று மாறக்கூடும். உங்கள் திரையில் அதே பெயர் இல்லையென்றால் அதற்கு அருகில் தேடிப் பாருங்கள்.

கோவையிலிருந்து ஒரு மென்பொருள் பொறியாளர்: எங்கள் அலுவலகக் குழு டிஸ்கார்டில்தான் பேசிக்கொள்கிறது. இரவில் வீட்டுக் கணினியில் நான் கேம் ஆடினால், என் பெயருக்குக் கீழே கேமின் பெயரும், எவ்வளவு நேரமாக ஆடுகிறேன் என்பதும் வந்துவிடுகின்றன. நான் எதையும் பகிரவே இல்லையே, எப்படித் தெரிகிறது?

நீங்கள் பகிரவில்லை என்பது உண்மைதான். கணினியில் நிறுவப்பட்ட டிஸ்கார்ட் செயலி, அப்போது இயங்கிக்கொண்டிருக்கும் புரோகிராம்களைப் பார்த்து, தன்னிடம் உள்ள கேம் பட்டியலோடு ஒப்பிடுகிறது. பொருந்துவது ஒன்று கிடைத்தால் அதன் பெயரை உங்கள் ஸ்டேட்டஸில் போட்டுவிடுகிறது. இதைத் தவிர, சில கேம்கள் தாமாகவே டிஸ்கார்டுக்குக் கூடுதல் விவரம் அனுப்புகின்றன. எந்த வரைபடத்தில் ஆடுகிறீர்கள், அணியில் எத்தனை பேர் இருக்கிறீர்கள், ஆட்டம் தொடங்கி எவ்வளவு நேரம் ஆயிற்று என்பவையெல்லாம் அப்படி வருபவை. 'ரிச் பிரசன்ஸ்' என்று இதைச் சொல்கிறார்கள். 2015இல் டிஸ்கார்ட் வெளிவந்தபோது அது கேம் ஆடுபவர்களுக்கான செயலி. நண்பன் என்ன ஆடுகிறான் என்று பார்த்து உடனே போய்ச் சேர்ந்துகொள்வதற்கு இந்த வசதி பொருத்தமாக இருந்தது. அதே செயலியை இன்று அலுவலகங்களும் வகுப்புகளும் பயன்படுத்துகின்றன, ஆனால் அந்த வசதி பழைய நிலையிலேயே, அதாவது தானாகவே இயங்கும் நிலையிலேயே இருக்கிறது. உங்கள் சிக்கல் அங்கிருந்துதான் வருகிறது.

நிறுத்துவது எளிது. பெயருக்கு அருகில் உள்ள பற்சக்கரக் குறியை அழுத்தி, 'ஆக்டிவிட்டி பிரைவசி' என்ற பகுதிக்குச் சென்று, கண்டறியப்பட்ட கேமைப் பிறருடன் பகிரும் பொத்தானை அணைத்துவிடுங்கள். எல்லாக் கேம்களையும் மறைக்க வேண்டாம், ஒன்றிரண்டை மட்டும் மறைத்தால் போதும் என்றால், 'ரெஜிஸ்டர்டு கேம்ஸ்' பட்டியலில் அந்தந்தக் கேமுக்கு மட்டும் கண்டறிவதை நிறுத்தலாம். அலுவலகத்துக்கென்று தனிக் கணக்கு வைத்துக்கொண்டு அதை உலாவியில் மட்டும் திறப்பது இன்னும் நல்லது என்பது என் கருத்து. உலாவியில் ஓடும் டிஸ்கார்டால் உங்கள் கணினியில் வேறு என்ன இயங்குகிறது என்று பார்க்க முடியாது; ஆகவே மறைப்பதற்கென்று அங்கே எதுவும் இருக்காது.

மேலாளர் மறுநாள் அதைப் பற்றி ஏதேனும் சொன்னால் விளக்கம் கொடுத்துக்கொண்டிருக்க வேண்டிய கட்டாயம் உங்களுக்கு இல்லை. பணி நேரத்துக்குப் பிறகு, சொந்தக் கணினியில் ஆடுகிறீர்கள். ஆனால் அலுவலகம் கொடுத்த மடிக்கணினியில் ஆடினால் நிலைமை வேறு. அதில் நிர்வாகம் நிறுவியிருக்கும் கண்காணிப்பு மென்பொருளிடமிருந்து டிஸ்கார்டின் எந்த அமைப்பும் உங்களை மறைக்காது.

திருச்சியிலிருந்து ஒரு கல்லூரி மாணவர்: நான் எப்போதும் 'இன்விசிபிள்' என்றே வைத்திருக்கிறேன். அது போதாதா?

ஓரளவுக்குப் போதும். அந்த நிலையில் பிறருக்கு நீங்கள் இணைப்பில் இல்லாதவராகவே தெரிவீர்கள், கேமின் பெயரும் வராது. ஆனால் பலர் குரலில் பேசிக்கொள்ளும் வாய்ஸ் சேனலில் நுழைந்த உடனே உங்கள் பெயர் அங்கே எல்லோருக்கும் தெரியும். யாருக்காவது செய்தி தட்டச்சு செய்யும்போது, நீங்கள் எழுதிக்கொண்டிருப்பதைக் காட்டும் மூன்று புள்ளிகளும் அவர் திரையில் வரும். தவிர, என்றைக்காவது மறந்துபோய் 'ஆன்லைன்' என்று மாற்றினால் கேமின் பெயரும் உடனே தோன்றிவிடும். கேமை மட்டும் மறைப்பதுதான் நோக்கம் என்றால், மேலே சொன்ன பொத்தானை அணைத்துவிட்டு வழக்கம்போல் ஆன்லைனில் இருங்கள். நண்பர்கள் அவசரத்துக்குத் தேடும்போது ஆள் இல்லை என்று அவர்களும் நினைக்க மாட்டார்கள்.

'டூ நாட் டிஸ்டர்ப்' என்ற சிவப்புக் குறி உங்களுக்கு வரும் அறிவிப்புகளைத்தான் நிறுத்துகிறது, கேமை மறைப்பதில்லை. 'ஸ்ட்ரீமர் மோட்' என்பதும் அப்படியே. நீங்கள் நேரலை செய்யும்போது மின்னஞ்சல் முகவரி, அழைப்பு இணைப்புகள் போன்றவை பார்வையாளர்களுக்குத் தெரியாமல் காப்பதுதான் அதன் வேலை.

அதே மாணவர்: பள்ளித் தோழர்கள் இருக்கும் டிஸ்கார்ட் சர்வரில் (ஒரு குழுவுக்கான தனி அரட்டை இடம்) தெரியலாம், துறைப் பேராசிரியர்கள் இருக்கும் சர்வரில் தெரியக் கூடாது. இப்படிப் பிரிக்க முடியுமா?

முடியும். சர்வரின் பெயர் மீது வலது சொடுக்குச் செய்தால் வரும் பட்டியலில், அந்தச் சர்வருக்கு மட்டுமான பிரைவசி அமைப்பு இருக்கிறது. அங்கே ஆக்டிவிட்டி பகிர்வதை அணைத்துவிடலாம். ஆனால் பேராசிரியர் ஒருவர் உங்கள் நண்பர் பட்டியலிலும் இருந்தால், அல்லது உங்கள் இருவருக்கும் பொதுவான வேறொரு சர்வர் இருந்தால், அந்த வழியாக அவருக்குத் தெரிய வாய்ப்புண்டு. ஆகவே பகிர்வை அணைத்த பிறகு, அந்தச் சர்வரில் உள்ள நம்பிக்கையான ஒருவரிடம் உங்கள் பெயரைத் தொட்டுப் பார்த்துச் சொல்லும்படி கேளுங்கள். நம் திரையில் நமக்குத் தெரிவதும் பிறருக்குத் தெரிவதும் ஒன்றல்ல.

யாழ்ப்பாணத்திலிருந்து ஒருவர்: நான் கணினியைத் தொடுவதே இல்லை, பிளேஸ்டேஷனில் மட்டுமே ஆடுகிறேன். அப்படியிருந்தும் டிஸ்கார்டில் காட்டுகிறதே?

என்றோ ஒரு நாள் இரண்டு கணக்குகளையும் இணைத்திருப்பீர்கள். டிஸ்கார்ட் அமைப்புகளில் 'கனெக்‌ஷன்ஸ்' என்ற பகுதியைத் திறந்து பாருங்கள். பிளேஸ்டேஷன் பெயருக்குக் கீழே, கணக்கைச் சுயவிவரத்தில் காட்டுவதற்கு ஒன்றும், ஆடும் கேமை ஸ்டேட்டஸாகக் காட்டுவதற்கு ஒன்றும் என இரண்டு தனித்தனிப் பொத்தான்கள் இருக்கும். இரண்டாவதை அணையுங்கள். எக்ஸ்பாக்ஸ் வைத்திருப்பவர்களுக்கும் இதே வழிதான்.

சென்னையிலிருந்து ஒருவர்: ஸ்டீம் அரட்டையில் ஆஃப்லைன் என்று வைத்துவிட்டுத்தான் ஆடுகிறேன். இருந்தும் ஒரு நண்பர், எந்தக் கேமை எத்தனை மணி நேரம் ஆடினேன் என்று துல்லியமாகச் சொல்கிறார்.

அவர் அரட்டைப் பட்டியலைப் பார்க்கவில்லை, உங்கள் சுயவிவரப் பக்கத்தைப் பார்க்கிறார். ஸ்டீமில் இவை இரண்டும் வேறு வேறு. அரட்டையில் நீங்கள் ஆஃப்லைனாக இருந்தாலும், சுயவிவரப் பக்கத்தில் கடந்த இரண்டு வாரங்களில் மொத்தம் எத்தனை மணி நேரம் ஆடினீர்கள், அண்மையில் ஆடிய கேம்கள் எவை, ஒவ்வொன்றையும் கடைசியாக ஆடிய தேதி எது என்பதெல்லாம் பதிவாகிக்கொண்டே இருக்கும். அவற்றைவிட நுட்பமானது ஒன்றும் உண்டு. கேமில் ஒரு கட்டத்தைத் தாண்டும்போது கிடைக்கும் 'அச்சீவ்மென்ட்' ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில், அது கிடைத்த தேதியும் நேரமும் அச்சிட்டதுபோல் நிற்கும். தலைவலி என்று சொல்லிவிட்டு உறவினர் வீட்டு விசேஷத்துக்குப் போகாதவருக்கு இரவு 8.47 மணிக்கு ஒரு அச்சீவ்மென்ட் கிடைத்திருந்தால், அதைப் பார்க்க யாரும் துப்பறிய வேண்டியதில்லை.

ஆகவே 'எடிட் புரொஃபைல்' என்பதற்குள் 'பிரைவசி செட்டிங்ஸ்' பக்கத்துக்குச் செல்லுங்கள். அங்கே 'கேம் டீடெயில்ஸ்' என்ற வரியை 'பிரைவேட்' என்று மாற்றினால் கேம் பட்டியல், ஆடிய நேரம், அச்சீவ்மென்ட், அப்போது எந்த ஆட்டத்தில் இருக்கிறீர்கள் என்பது ஆகிய நான்கும் ஒருசேர மறைந்துவிடும். நண்பர்களுக்கு நீங்கள் ஆன்லைனில் இருப்பது மட்டும் தெரியும். கேம்களின் பெயர் தெரிந்தால் பரவாயில்லை, நேரம் மட்டும் தெரிய வேண்டாம் என்பவர்களுக்காக, மொத்த ஆட்ட நேரத்தை எப்போதும் மறைத்து வைக்கும் தனிக் கட்டமும் அதே இடத்தில் உண்டு.

2018 ஏப்ரலில்தான் ஸ்டீமை நடத்தும் வால்வ் நிறுவனம் இந்த அமைப்பை இவ்வாறு பிரித்துக் கொடுத்தது. பொதுவில் திறந்து கிடந்த சுயவிவரங்களைத் திரட்டி எந்தக் கேம் எத்தனை பேரிடம் இருக்கிறது என்று கணித்துவந்த ஸ்டீம் ஸ்பை தளம், அந்த மாற்றத்தால் தன் வழக்கமான முறையில் இயங்க முடியாமல் போயிற்று. அதுவரை எவ்வளவு விவரம் யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளும் நிலையில் இருந்தது என்பதை அதிலிருந்தே ஊகிக்கலாம்.

அவரே மீண்டும்: ஒரே ஒரு கேமை மட்டும் மறைத்தால் போதும். 'ஹைட்' கொடுத்தும் நண்பருக்குத் தெரிகிறதே?

பலரும் குழம்பும் இடம் இது. 'ஹைட்' என்பது உங்கள் நூலகத்தில் அந்தக் கேம் உங்கள் கண்ணில் படாமல் ஒதுக்கி வைப்பது மட்டுமே. பிறரிடமிருந்து மறைக்க, கேமின் மீது வலது சொடுக்குச் செய்து, 'மேனேஜ்' என்பதற்குள் 'மார்க் ஆஸ் பிரைவேட்' என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். வாங்கும்போதே, கூடையில் வைத்து அப்படிக் குறித்துவிடவும் முடியும். ஆனால் பலரோடு சேர்ந்து ஆடும் கேமாக இருந்தால், அதே ஆட்டத்தில் எதிரே இருப்பவருக்கு உங்கள் பெயர் தெரியத்தான் செய்யும்.

மதுரையிலிருந்து ஒரு பெண்: முன்பு பழகிய ஒருவர் நான் எப்போது ஆன்லைன் வருகிறேன், என்ன ஆடுகிறேன் என்று பார்த்துப் பார்த்து அதே ஆட்டத்துக்குள் வருகிறார். பிளாக் செய்துவிட்டேன். வேறொரு கணக்கிலிருந்து வருகிறார்.

உங்கள் கேள்விக்கு மற்றவற்றைவிட அதிக அக்கறையோடு பதில் எழுத வேண்டும் என்று நினைக்கிறேன். ஒருவரைத் தடுப்பது அந்த ஒரு கணக்கை மட்டுமே தடுக்கும். டிஸ்கார்டில் நீங்கள் இருவரும் இருக்கும் பொதுச் சர்வரில் நீங்கள் எழுதுவது, தடுக்கப்பட்ட பிறகும் அவருக்குத் தெரியும். ஸ்டீம் சுயவிவரம் பொதுவில் இருந்தால், கணக்கே இல்லாமல் ஓர் உலாவியில் யாரும் அதைத் திறந்து படிக்கலாம். ஆகவே அவரைத் தடுப்பதைவிட, தகவல் வெளியே போகும் வழிகளை அடைப்பதுதான் உங்களைக் காக்கும்.

முதலில் டிஸ்கார்டில் ஆக்டிவிட்டி பகிர்வை முழுவதுமாக அணைத்துவிடுங்கள். நண்பர்களும், ஒரே வாய்ஸ் சேனலில் இருப்பவர்களும் உங்கள் ஆட்டத்தில் தாமாகச் சேர்ந்துகொள்ள அனுமதிக்கும் பொத்தான்கள் தனியே உள்ளன, அவற்றையும் அணையுங்கள். ஸ்டீமில் சுயவிவரம், கேம் விவரம், நண்பர் பட்டியல் மூன்றையும் பிரைவேட் ஆக்குங்கள். நண்பர் பட்டியலை விட்டுவிடாதீர்கள்: உங்கள் பக்கம் மூடியிருந்தாலும், உங்கள் தோழியின் பக்கத்தைப் பார்த்து நீங்கள் என்ன ஆடுகிறீர்கள் என்று ஊகிக்க அது வழி கொடுக்கும். எல்லா இடத்திலும் ஒரே புனைபெயரை வைத்திருந்தால் அதை மாற்றுங்கள். அண்மைக் காலத்தில் சேர்ந்த, நேரில் அறியாத கணக்குகளை நண்பர் பட்டியலிலிருந்து நீக்கிவிடுங்கள். அவற்றில் ஒன்று அவருடையதாக இருக்கலாம்.

இவற்றையெல்லாம் செய்வதற்கு முன், அவர் அனுப்பிய செய்திகளையும், வந்து சேர்ந்த கணக்குகளின் பெயர்களையும் தேதி தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். ஒரு பெண்ணின் இணையப் பயன்பாட்டைத் தொடர்ந்து கண்காணிப்பதும், அவர் விருப்பமில்லை என்று தெளிவாகக் காட்டிய பிறகும் பின்தொடர்வதும் இந்தியாவின் குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 78ஆம் பிரிவின்கீழ் குற்றம். 1930 என்ற எண்ணிலோ, மத்திய அரசின் சைபர் குற்றப் புகார் தளத்திலோ, அருகில் உள்ள காவல் நிலையத்திலோ நீங்கள் புகார் தரலாம். கேம்தானே என்று யாராவது சொன்னால், அதைக் காதில் வாங்கிக்கொள்ள வேண்டாம்.

சேலத்திலிருந்து ஒருவர்: வாட்ஸ்அப்பில் நான் கேம் ஆடுவது தெரியுமா?

தெரியாது. நீங்கள் வாட்ஸ்அப்பைத் திறந்திருக்கிறீர்களா, கடைசியாக எப்போது திறந்தீர்கள் என்பவை மட்டுமே தெரியும். அவை இரண்டையும் பிரைவசி அமைப்பில் மறைக்கலாம். கடைசியாக வந்த நேரத்தை மறைத்தால் பிறருடையதும் உங்களுக்குத் தெரியாது. டெலிகிராமும் ஏறத்தாழ இப்படித்தான், ஆனால் அதன் அரட்டைக்குள்ளேயே ஆடும் சிறு கேம்களில் நீங்கள் எடுக்கும் புள்ளிகள் அந்தக் குழுவில் உள்ள எல்லோருக்கும் தெரியும்.

ஈரோட்டிலிருந்து, பதினைந்து வயது என்று குறிப்பிட்டு ஒருவர்: அண்ணா, அம்மாவுக்குத் தெரியாமல் ஆடுவதற்கு எந்த செட்டிங்கை மாற்ற வேண்டும்?

தம்பி, முன்பின் அறியாதவர்களிடமிருந்து மறைப்பதற்கு மேலே எழுதிய எல்லாம் உனக்கும் பொருந்தும், உன் வயதில் அவற்றைக் கட்டாயம் செய். அம்மாவிடமிருந்து மறைக்க நான் வழி சொல்லப்போவதில்லை. வாரத்துக்கு எவ்வளவு நேரம் என்று அவரிடமே பேசி ஒரு முடிவுக்கு வா. தேர்வுக் காலத்தில் குறைத்துக்கொள்கிறேன் என்று நீயாகவே முன்வந்து சொன்னால், பெரும்பாலான அம்மாக்கள் இறங்கி வருவார்கள்.

தஞ்சாவூரிலிருந்து ஒரு தாய்: என் மகன் என்ன ஆடுகிறான் என்று நான் தெரிந்துகொள்வது தவறா?

தவறே இல்லை, அம்மா. அவனுக்குத் தெரிந்தே பாருங்கள் என்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். ஸ்டீமில் குடும்பக் குழு அமைத்து மகனைப் பிள்ளையாகச் சேர்த்தால், அவன் ஆடும் நேரத்தைப் பார்க்கவும் வரம்பு வைக்கவும் முடியும். டிஸ்கார்டில் 2023இல் வந்த 'ஃபேமிலி சென்டர்' வழியாக, அவன் யாரை நண்பராகச் சேர்த்தான், எந்தச் சர்வர்களில் இணைந்தான், யாரோடு பேசினான் என்பவை தெரியும். பேசிய செய்திகள் தெரியாது. அந்த அளவு இடைவெளி சரியானது என்றே நான் கருதுகிறேன்.

புதுச்சேரியிலிருந்து ஒருவர்: கேம் ஸ்டேட்டஸை மறைப்பதற்கென்று ஒரு சிறிய மென்பொருள் யூடியூப் விளக்கப் பகுதியில் கொடுத்திருந்தார்கள். இறக்கி ஓட்டிவிட்டேன். ஆபத்து உண்டா?

உண்டு என்றே வைத்துக்கொண்டு செயல்படுங்கள். செயலியின் உள்ளேயே அணைக்கக்கூடிய ஒன்றுக்கு வெளி மென்பொருள் எதுவும் தேவையில்லை. கடவுச்சொல் இல்லாமலேயே கணக்குக்குள் நுழைய உதவும் டோக்கனைத் திருடுவதற்காகவே இப்படிப் பல கோப்புகள் உலவுகின்றன. டிஸ்கார்ட் செயலியை மாற்றி அமைக்கும் கருவிகள் அதன் விதிகளுக்கும் எதிரானவை, கணக்கே முடக்கப்படலாம்.

முதலில் வேறொரு நம்பகமான சாதனத்திலிருந்து டிஸ்கார்டின் கடவுச்சொல்லை மாற்றுங்கள்; அப்போது பழைய டோக்கன்கள் செல்லாமல் போய்விடும். பிறகு இரட்டைச் சரிபார்ப்பை இயக்கி, 'ஆத்தரைஸ்டு ஆப்ஸ்' பட்டியலில் தெரியாத எதுவும் இருந்தால் நீக்குங்கள். உலாவியில் சேமித்து வைத்திருந்த மின்னஞ்சல், வங்கிக் கடவுச்சொற்களையும் அதே சாதனத்திலிருந்தே மாற்றுங்கள். கணினியை முழுமையாக ஸ்கேன் செய்து, அந்தக் கோப்பு போய்விட்டது என்று உறுதியான பிறகே அதில் மீண்டும் உள்நுழையுங்கள்.