பொன்சியோவின் வயலின்

அன்புள்ள ஐயா,

1933இல் வந்த 'டாங்கோ' என்ற அர்ஜெண்டினப் படத்தை, அந்த இசை எப்படிப் பிறந்தது என்று தெரிந்துகொள்ளும் ஆசையில் பார்த்தேன். ஏமாந்துவிட்டேன். கதை என்று ஒன்றுமே இல்லை. ஒரு பாட்டு முடிந்தால் அடுத்த பாட்டு. இதை ஏன் இன்னும் கொண்டாடுகிறார்கள்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

கதை மெல்லியதுதான். நாயகி டீட்டா ஒரு ரவுடியோடு போய்விடுகிறாள், அவளுடைய காதலன் ஆல்பெர்ட்டோ உடைந்துபோகிறான். ஆனால் எந்த டாங்கோ பாட்டின் வரிகளை இழுத்து நீட்டினாலும் ஏறக்குறைய இந்தக் கதைதான் வரும். விட்டுப்போன பெண், புறநகர்த் தெரு, ஆறாத மனசு. இயக்குநர் லூயிஸ் மோக்லியா பார்த் அதைத் தெரிந்தேதான் செய்திருக்கிறார்.

ஒலியைப் பிலிமிலேயே பதிவுசெய்து அர்ஜெண்டினாவில் எடுத்த முதல் முழுநீளப் படம் இது. வானொலியிலும் இசைத்தட்டிலும் கேட்டுப் பழகிய குரல்களுக்கு மக்கள் திரையில் முகம் பார்த்தார்கள். அசுசேனா மைசானி, லிபெர்தாத் லமார்க்கே, டீட்டா மெரெல்லோ என்று அத்தனை பேரும் ஒரே படத்தில். பாட்டுக்கு மேல் பாட்டு வராமல் என்ன செய்யும்?

சரி, பிறப்பைப் பற்றிக் கேட்டீர்கள். படத்தில் எர்னெஸ்டோ பொன்சியோ என்பவர் வயலின் வாசிக்கிறார், கூடவே ஹுவான் கார்லோஸ் பஸானின் கிளாரினெட். கவனித்தீர்களா? 'டான் ஹுவான்' என்ற பழைய டாங்கோவை இயற்றியவர் பொன்சியோ. சிறுவயதிலேயே வயலினோடு மதுக்கடைகளில் வாசிக்கப் போனவர். புல்லாங்குழல், வயலின், கிட்டார் மட்டும் இருந்த காலத்து ஆள். பண்டோனியன் என்ற துருத்தி வாத்தியம் வந்து டாங்கோவின் நடையையே நிதானமாக்கியது அப்புறம்தான். அதே படத்தில் ஒஸ்வால்டோ ஃப்ரெசேதோவின் ஆர்கெஸ்ட்ராவும் வருகிறது. எவ்வளவு மெருகு! இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் முப்பது வருடத் தூரம் காதில் விழும். படம் வந்த அடுத்த ஆண்டே பொன்சியோ இறந்துவிட்டார். ஐம்பது வயதுகூட ஆகவில்லை. பேசும்படம் இன்னும் இரண்டு வருடம் தாமதித்திருந்தால் அந்தக் கை வயலினில் ஓடுவதை நாம் பார்த்திருக்க முடியாது. எனக்கு இந்த ஒன்றே போதும்.

எனக்கும் ஒரு மனக்குறை உண்டு. டாங்கோவின் வேரில் கறுப்பினத்தவரின் காண்டோம்பே தாளம் இருக்கிறது. 'எல் என்ட்ரெரியானோ' என்ற பழைய டாங்கோவை இயற்றிய ரொசேந்தோ மெண்டிசாபால் அந்தச் சமூகத்து பியானோக் கலைஞர்தான். பிறப்பைக் காட்ட வந்த படம் அவர்களைப் பற்றி வாய் திறக்கவில்லை. அது எனக்கு வலிக்கிறது.

இன்னொரு முறை பாருங்கள். பொன்சியோ வரும் இடத்தில் சப்டைட்டிலை அணைத்துவிட்டு, அவருடைய வில்லை மட்டும் கவனியுங்கள்.

அன்புடன்.