உயர் நீதிமன்றம் விபத்து நஷ்டஈட்டு வழக்கைத் தீர்ப்பாயத்துக்கே திருப்பி அனுப்பிவிட்டது. நாங்கள் தோற்றுவிட்டோமா?

இல்லை. கூடலூரில் சிறு தேயிலை விவசாயியான உங்கள் அப்பாவுக்குக் கிடைத்த தொகை ரத்தாகியிருக்கிறது, அவ்வளவுதான். தீர்ப்பாயத்தில் நஷ்டஈடு கேட்டுப் போட்ட மூல மனு (எம்.சி.ஓ.பி.) இன்னும் உயிரோடுதான் இருக்கிறது.

முதல் வேலையாக வக்கீலிடம் உத்தரவு நகலை வாங்கி, கடைசிப் பக்கங்களைப் படியுங்கள். எதற்காகத் திருப்பினார்கள் என்பது அங்கேதான் இருக்கும். ஊனத்தை மட்டும் மறுபடி பார்க்கச் சொல்லியிருந்தால், யார் மேல் தப்பு என்ற பேச்சை இன்ஷூரன்ஸ் கம்பெனி திரும்பக் கிளற முடியாது. முழுக்கப் புதிதாக விசாரிக்கச் சொல்லியிருந்தால் அதற்கும் தயாராக வேண்டும். ஆஜராக வேண்டிய தேதி, ஏற்கெனவே எடுத்த பணம் பற்றி ஏதாவது சொல்லியிருக்கிறதா என்றும் பாருங்கள்.

கோத்தகிரிப் பக்கம் எஸ்டேட்டில் கொழுந்து பறித்த என் அத்தைக்கு ஒரு விபத்தில் வலது மணிக்கட்டு போனது. சான்றிதழ் கொடுத்த டாக்டரை விசாரிக்கவில்லை என்று கம்பெனி அப்பீல் போக, வழக்கு மெடிக்கல் போர்டு பார்க்கட்டும் என்று ஊட்டிக்கே திரும்பி வந்தது. வீட்டில் எல்லோரும் இடிந்துபோனோம். ஆனால் முதல் சுற்றில் யாரும் கேட்காத கேள்வியை இந்தச் சுற்றில்தான் வக்கீல் கேட்டார்: இந்தக் கையால் இனி கொழுந்து பறிக்க முடியுமா? எஸ்டேட் மேஸ்திரி சாட்சி சொன்னார், வருகையும் கூலியும் பதியும் செக்ரோலும் வந்தது. ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் இதைத்தான். ஊனச் சதவீதம் வேறு, சம்பாதிக்கும் திறன் இழப்பு வேறு. இடது கை போன தச்சருக்கு வருமானமே அநேகமாக முழுதும் போகும். அரசு குமாஸ்தாவுக்கு வேலை போகாமலும் இருக்கலாம்.

இருந்தாலும் எடுத்ததற்கெல்லாம் திருப்பி அனுப்புவதை என்னால் ஏற்க முடியவில்லை. கோப்பில் சான்று போதுமான அளவு இருந்தால் மேல்முறையீட்டு நீதிமன்றமே முடித்துவிடலாம் என்று உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 41, விதி 24 சொல்கிறது. ஆண்டு வருமான இழப்பை எத்தனையால் பெருக்குவது என்ற எண், அதாவது பெருக்கி, 36 முதல் 40 வயது வரை 15 என்று சரளா வர்மா தீர்ப்பு 2009-லேயே வகுத்துவிட்டது. வெறும் கணக்குப் பிழைக்கு எதற்கு இன்னொரு சுற்று? ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு நாள் கூலியை இழப்பது மலையில் இருப்பவர்கள்தான். உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு (சி.எம்.ஏ.) இன்னும் நிலுவையில் உள்ளவர்கள் இந்த விதியை வாதத்தில் எடுத்துவைக்கும்படி வக்கீலிடம் கட்டாயம் சொல்லுங்கள்.

உங்கள் வழக்கில் வருமான ஆதாரம் இல்லை என்பது குறையாக இருந்தால், அப்பா பச்சைத்தேயிலை போட்ட பாக்டரியில் எடைச் சீட்டும் பணம் கொடுத்த கணக்கும் கேட்டு வாங்குங்கள். டாக்டர் கோர்ட்டுக்கு வரத் தயங்கினால், அவர் இருக்கும் இடத்திலேயே கோர்ட் சார்பில் சாட்சியம் பதிய ஒரு வக்கீலை (அட்வகேட் கமிஷனர்) நியமிக்கக் கேட்டு மனுப் போடலாம். அதை முதல் வாய்தாவிலேயே போட்டுவிடுங்கள்.