தீவு மக்களிடையே விடுமுறையைக் கழிக்கச் செல்பவர்கள் எப்படி நடந்துகொள்ள வேண்டும்? பாதுகாப்புக்கு எதைக் கவனிக்க வேண்டும்?

நடத்தை, பாதுகாப்பு என்று இரண்டாகப் பிரித்துக் கேட்டிருக்கிறீர்கள். தீவைப் பொறுத்தவரை இரண்டும் ஒன்றுதான் என்பேன். பெரிய மருத்துவமனையோ உயிர்காப்பாளரோ அருகில் இல்லாத ஓரிடத்தில், நீங்கள் கடலில் தத்தளித்தால் முதலில் படகை எடுத்துக்கொண்டு வரப்போகிறவர் அவ்வூர் மீனவர்தான். எங்கே இறங்கக் கூடாது என்று முன்கூட்டியே சொல்லக்கூடியவரும் அவர்தான்.

இந்தோனேசியாவின் சிமலூ தீவில், 1907ஆம் ஆண்டு தாக்கிய ஆழிப்பேரலையின் நினைவை மக்கள் கதையாகவும் தாலாட்டாகவும் பிள்ளைகளுக்குச் சொல்லி வந்தனர். நிலம் பலமாக அதிர்ந்து கடல் உள்வாங்கினால் எதற்கும் காத்திராமல் மேட்டுக்கு ஓட வேண்டும் என்பதே அதன் சாரம். 2004 டிசம்பர் 26 அன்று நிலநடுக்க மையத்துக்கு மிக அருகில் இருந்தும், ஏறத்தாழ 78,000 பேர் வாழ்ந்த அத்தீவில் 7 பேர் மட்டுமே உயிரிழந்தனர். எனவே படகோட்டி "இன்று வேண்டாம்" என்றால் கூடுதல் பணம் தருவதாகச் சொல்லி அவரை வற்புறுத்தாதீர்கள்.

கடலில் இறங்குவதற்கு முன் சிறிது நேரம் கரையில் நின்று பாருங்கள். அலைகள் வரிசையாக உடைந்து நுரைக்கும்போது, நடுவில் ஓரிடம் மட்டும் நுரையின்றி, சற்றே கருத்து, குளிக்கத் தோதான இடம்போல அமைதியாகத் தெரியும். பெரும்பாலும் கரைக்கு வந்த நீர் கடலுக்குத் திரும்பிப் பாயும் வழி அதுதான். அதில் சிக்கியவர்கள் கரையை நோக்கி எதிர்த்து நீந்திக் களைத்துப் போவதே பெரிய ஆபத்து. பதற்றப்படாமல் மிதந்து, கையை உயர்த்தி உதவி கேட்டு, தெம்பிருந்தால் கரைக்கு இணையாகப் பக்கவாட்டில் நீந்தி அந்த இழுப்பிலிருந்து வெளியேற வேண்டும். பவளப்பாறைப் பகுதிகளில் கூம்பு வடிவச் சங்கு எவ்வளவு அழகாக இருந்தாலும் கையில் எடுக்காதீர்கள். உள்ளே உயிர் இருந்தால், அது செலுத்தும் நஞ்சுக்கு முறிமருந்து கிடையாது. பவளங்களைக் கெடுக்கும் வேதிப்பொருள்கள் கலந்த சன்ஸ்கிரீன்களுக்குப் பலாவ் நாடு 2020இலும், அவற்றில் இரண்டு கலந்தவற்றின் விற்பனைக்கு ஹவாய் மாநிலம் 2021இலும் தடை விதித்தன. பெட்டியில் வைக்கும் முன் அந்தக் குப்பியைத் திருப்பிப் படித்துவிடுங்கள்.

ஆளில்லாத கடற்கரை என்று நமக்குத் தோன்றுவது பெரும்பாலும் யாரோ ஒருவருடைய ஊரின் பகுதியாகவே இருக்கும். ஃபிஜியில் கரையோர மீன்பிடிப் பரப்புகள்மீது அந்தந்தக் குலத்தவருக்கு மரபுரிமை உண்டு. அங்கே கிராமத்துக்குள் செல்பவர் காவா என்னும் பானம் தயாரிக்கும் வேர்க்கட்டு ஒன்றை ஊர்த் தலைவரிடம் கொடுத்து, அவருடைய இசைவைப் பெற்ற பிறகே சுற்றிப் பார்ப்பது வழக்கம். தொப்பியையும் குளிர்கண்ணாடியையும் கழற்றிவிட வேண்டும், தோளையும் முழங்காலையும் மறைத்து உடுத்த வேண்டும், குழந்தைகளின் தலையைத் தொடக் கூடாது. இதைச் சுற்றுலாப் பயணிகளுக்கான நாடகம் என்று எண்ணுபவர்கள் உண்டு. எனக்கு அது, ஒருவர் வீட்டுக் கதவைத் தட்டிவிட்டு உள்ளே போவதைப்போல இயல்பானதாகவே படுகிறது. மாலத்தீவில் சொகுசு விடுதிகளுக்கென ஒதுக்கப்பட்ட தீவுகளின் நடைமுறையை மக்கள் வாழும் தீவுகளில் எதிர்பார்க்கக் கூடாது: அங்கே மதுவுக்கு இடமில்லை, நீச்சலுடையும் அதற்கென ஒதுக்கிய கடற்கரையில் மட்டுமே. இந்தோனேசியாவின் பாலித் தீவில், நியேப்பி எனப்படும் மௌன நாளன்று விமான நிலையம் உட்பட ஏறத்தாழ அனைத்தும் மூடப்படும். வெளியூரார் உட்பட எவரும் தெருவில் நடமாடக் கூடாது.

சில தீவுகளுக்குப் போகாமலிருப்பதுதான் மரியாதை. அந்தமானின் வட சென்டினல் தீவை நெருங்குவது சட்டப்படி குற்றம். 2018இல் அதை மீறிச் சென்ற அமெரிக்கர் ஒருவர் அங்கு வாழும் பழங்குடியினரால் கொல்லப்பட்டார். நாம் கொண்டுசெல்லக்கூடிய சாதாரணத் தொற்றை எதிர்க்கும் திறன் அம்மக்களுக்கு இல்லாதிருக்கலாம் என்பதால், அத்தடை அவர்களைக் காப்பதற்கும்தான். அந்தமானின் இன்னொரு பழங்குடியினரான ஜாரவா மக்களைப் படமெடுப்பதும் குற்றமே.

வருகிறவர்கள் தண்ணீரைப் பற்றி அதிகம் யோசிப்பதில்லை. பவளத் தீவுகளில் கிணற்று நீர் என்பது மண்ணுக்குள் இறங்கிய மழைநீர், அடியிலுள்ள உப்புநீரின்மேல் மெல்லிய அடுக்காக மிதப்பதுதான். அளவுக்கு மீறி இறைத்தால் உப்புநீர் மேலேறிவிடும். நாம் ஊர் திரும்பிய பின்னும் அதைக் குடிக்க வேண்டியவர்கள் அங்கேயே இருப்பார்கள்.

திரும்பும் நாளைத் திட்டமிடும்போது, காற்று எழுந்தால் படகு ஓடாது என்பதால், விமானத்துக்கு முன் ஒரு நாளையாவது கையிருப்பாக வைத்துக்கொள்ளுங்கள். ஆழ்கடல் மூழ்குபவர்களுக்கு அந்த நாள் இன்னொரு வகையிலும் தேவைப்படும்: ஒரே ஒரு முறை மூழ்கியிருந்தால் குறைந்தது 12 மணி நேரமும், பலமுறை மூழ்கியிருந்தால் குறைந்தது 18 மணி நேரமும் கழித்தே விமானம் ஏற வேண்டும் என்பது பொதுவான பரிந்துரை. பயணக் காப்பீட்டிலும் நான் முதலில் பார்ப்பது, தீவிலிருந்து நோயாளியைப் பெரிய மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லும் செலவை அது ஏற்கிறதா என்பதைத்தான். பெட்டி தொலைந்தால் கிடைக்கும் இழப்பீடெல்லாம் அதற்குப் பிறகுதான்.